ஃபோர்டிங்டன் பாதிரியாரும் மண் கழிப்பறையும்

நீங்கள் கேட்டதைச் சுருக்கினால் இதுதான்: 19ஆம் நூற்றாண்டில் ஹென்றி மோல் என்ற ஆங்கிலேயப் பாதிரியார் தண்ணீரே வேண்டாத, வாளியில் விழும் கழிவை உலர்மண்ணால் மூடும் மண் கழிப்பறையை உருவாக்கினார் என்று படித்திருக்கிறீர்கள். ஆலய ஊழியம் பார்க்க வேண்டியவருக்குக் கக்கூஸில் என்ன வேலை, அது உண்மையிலேயே உதவியதா, உங்கள் தோட்டத்து வீட்டில் இப்போது செய்து பார்க்கலாமா என்று மூன்று கேள்விகள். அடியில் இருப்பது ஒரே சந்தேகம்தான் என்று நினைக்கிறேன்: இது பொழுதுபோகாத பாதிரியாரின் விநோதப் பழக்கமா, அல்லது அவர் பார்த்த வேலையிலிருந்தே வந்ததா? வேலையிலிருந்தே வந்தது. அது நன்றாக நடந்த இடமும், கடைசியில் தோற்ற இடமும் அவர் ஐம்பது வருடம் பார்த்த அந்த வேலையின் அளவைப் பொறுத்தே அமைந்தன. அதனால் ஆளிடமிருந்து தொடங்கி வாளிக்கு வருகிறேன்.

மோல் 1801 ஜனவரி 27 அன்று வில்ட்ஷயரில் உள்ள மெல்க்ஷம் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை வழக்கறிஞர், வங்கியும் நடத்தியவர். இவர் ஆறாவது மகன். கேம்பிரிட்ஜில் செயின்ட் ஜான்ஸ் கல்லூரியில் படித்து 1821இல் பி.ஏ. பட்டம் வாங்கினார். அந்தக் காலத்தில் ஆங்கிலிக்கன் சபையில் குருவாவதற்கு இறையியல் கல்லூரி என்று தனியாக ஒன்றில் படித்தாக வேண்டிய கட்டாயம் கிடையாது. ஆக்ஸ்ஃபோர்டு அல்லது கேம்பிரிட்ஜ் பட்டம், பேராயர் வைக்கும் தேர்வு, நன்னடத்தைக்குச் சாட்சிக் கடிதம், வேலை தருவதாக ஒரு சபையின் ஒப்புதல், இவை இருந்தால் போதும். 1823இல் சொந்த ஊரிலேயே உதவிக்குருவானார். 1824இல் மேரி மலெட் எவான்ஸை மணந்தார். 1825இல் டார்செட்டின் கில்லிங்ஹாம் சேகரத்தை, அதாவது ஒரு குருவின் பொறுப்பில் உள்ள சபைப் பகுதியை, தனியாகக் கவனிக்கும் பொறுப்புக் கிடைத்தது. 1829இல், 28 வயதில், டார்செஸ்டர் நகரை ஒட்டிய ஃபோர்டிங்டனுக்கு விகாராகப் போனார். 1880இல் இறக்கும்வரை அங்கேயே இருந்தார். பதவி ஏணி என்று பார்த்தால் அவ்வளவுதான் அவரது வரலாறு: இரண்டு படி ஏறினார், மூன்றாவதில் 51 வருடம் நின்றார்.

இதில் ‘விகார்’ என்ற சொல் முக்கியம். நம் ஊர் சி.எஸ்.ஐ. சபையில் சேகரகுருவைச் சில வருடங்களுக்கு ஒருமுறை மாற்றுவார்கள். அங்கே அப்படியில்லை. உதவிக்குரு என்பவர் இன்னொரு குருவிடம் சம்பளத்துக்கு இருப்பவர். வேண்டாம் என்றால் அனுப்பிவிடலாம். விகார் என்பவருக்கு அந்தப் பதவி ஆயுள்வரை அனுபவிக்கும் ஓர் உரிமை. வருமானம் ஊர் தரும் தசமபாகத்திலிருந்து (விளைச்சலில் பத்தில் ஒன்று) ஒரு பங்கு, குருமனை, கொஞ்சம் சபை நிலம். 1836இல் வந்த சட்டம் தானியமாகவும் கால்நடையாகவும் கொடுத்துவந்த தசமபாகத்தைப் பணமாக மாற்றியது. பெரிய குற்றம் எதிலும் சிக்காதவரை பேராயர்கூட விகாரை எளிதில் அசைக்க முடியாது. ஆகவே ஊர்ப் பெரியமனிதரைப் பகைத்துக்கொண்டாலும் சோற்றுக்குக் குறைவில்லை. மோல் இந்தப் பாதுகாப்பை முழுக்கப் பயன்படுத்திக்கொண்டார்.

அவர் எவாஞ்சலிக்கல் பிரிவைச் சேர்ந்தவர்: பிரசங்கம், மனமாற்றம், வேத வாசிப்பு, ஓய்வுநாள் ஒழுக்கம் இவற்றில் கறார். 1833இல் அவரது எதிர்ப்பால் டார்செஸ்டர் குதிரைப் பந்தயம் நின்றுபோனது. பந்தயம் என்றால் சூதாட்டமும் குடியும் மட்டுமல்ல, பல குடும்பங்களுக்கு அந்த வாரத்து வரும்படியும் அதுதான். ஊர் அவரை விரும்பாததில் வியப்பில்லை. குருமனைக் குடும்பம் பல வருடம் ஏச்சு வாங்கியது. கூடவே டார்செஸ்டர் படைவீட்டுச் சிப்பாய்களுக்கு ஆன்மிகப் பணியும் செய்தார். அங்கே செய்த பிரசங்கங்களை அச்சிட்டு, அதில் வந்த பணத்தை வைத்து 1846இல் மேற்கு ஃபோர்டிங்டனில் ஓர் ஆலயம் கட்டினார். பிரசங்கப் புத்தகம் விற்று ஆலயம் எழுந்த காலம் அது.

ஃபோர்டிங்டனின் கேடு என்ன என்று தெரியாமல் மீதிக் கதை புரியாது. டார்செஸ்டரைச் சுற்றியிருந்த ஃபோர்டிங்டன் வயல்வெளி கார்ன்வால் டச்சிக்குச் சொந்தம், அதாவது அரச குடும்பத்து மூத்த இளவரசருக்கு உரிய சொத்து. அந்த நிலத்தில் கட்ட வழியில்லாததால் நகரம் விரிய முடியவில்லை. வேலை தேடி வந்த ஏழைகள் எல்லாரும் ஃபோர்டிங்டனின் தாழ்வான பகுதியில், ஃப்ரூம் ஆற்றையொட்டிய மில் ஸ்ட்ரீட் பக்கம், அடுக்கியது போல வாழ்ந்தார்கள். குடிக்கிற தண்ணீரும் கழிவு விழுகிற தண்ணீரும் ஒன்றே. 1849இல் காலரா வந்தது. 1854இல் மறுபடி வந்தது. இரண்டாவது முறை வந்த வழி பதிவாகியிருக்கிறது: லண்டனின் மில்பேங்க் சிறையில் காலரா பரவியதும் அங்கிருந்த கைதிகளை டார்செஸ்டர் படைவீட்டுக்கு மாற்றினார்கள், அவர்கள் துணி வெளுப்புக்காக ஃபோர்டிங்டன் பெண்களிடம் வந்தது, துணியோடு நோயும் வந்தது.

மோல் அப்போது செய்தவை ஒரு சுகாதார அதிகாரி செய்யவேண்டியவை. நோயாளிகளின் வீடுகளுக்குள் போனார். தொற்றுப்பட்ட துணியையும் படுக்கையையும் பெரிய செம்புக் கொப்பரைகளில் கொதிக்க வைக்க ஏற்பாடு செய்தார். தேறாதவற்றை எரிக்கச் செய்தார். காலரா கெட்ட காற்றால் வருகிறது என்பதுதான் அன்றைய மருத்துவர்களில் பெரும்பாலோர் கொள்கை. அதே 1854இல் லண்டன் பிராட் ஸ்ட்ரீட்டில் ஜான் ஸ்னோ என்ற மருத்துவர் குடிதண்ணீர்க் குழாயைக் குற்றம் சாட்டியதைப் பலர் ஏற்கவில்லை. துணியைக் கொதிக்க வைப்பதில் ஒரு நன்மை உண்டு: கொள்கை எதுவானாலும் கிருமி செத்துவிடும். டார்செஸ்டர் நகருக்குள் நோய் பெரிதாகப் புகாமல் நின்றதற்கு இதுவே காரணம் என்று சிலர் எழுதுவார்கள். இருக்கலாம். ஆனால் ஒரு தொற்று எங்கே, எதனால் நின்றது என்பதை ஒரே ஆளின் கணக்கில் எழுதுவதில் எனக்கு உடன்பாடில்லை. அவரது உழைப்பு உறுதியானது. அதன் பலன் எவ்வளவு என்பது ஊகம்.

1855இல் அவர் டச்சி ஆலோசனைக் குழுவின் தலைவராயிருந்த இளவரசர் ஆல்பர்ட்டுக்கு எட்டுக் கடிதங்கள் எழுதி அச்சிட்டும் வெளியிட்டார். உங்கள் சொத்தில், உங்கள் குடிகள் இப்படிக் கிடக்கிறார்கள் என்பதே சாரம். அரசியின் கணவருக்கு ஒரு கிராமத்துக் குரு இப்படிப் பகிரங்கமாக எழுத முடிந்ததற்கு மேலே சொன்ன ஆயுள் உரிமையும் ஒரு காரணம் என்பது என் எண்ணம். ஊர் அவரைப் பார்த்த பார்வையும் இந்த வருடங்களில்தான் மாறியது. பந்தயத்தை நிறுத்தியவர் என்ற கோபம் இருந்த வீடுகளுக்குள்ளேயே காலரா நாட்களில் நுழைந்தவர் ஆயிற்றே.

இனி வாளிக்கு வரலாம். 1858 கோடையில் தேம்ஸ் நாறி, லண்டனில் நாடாளுமன்றமே உட்கார முடியாமல் திணறியது. மோலின் யோசனைக்கு அதுதான் பொறி என்று பல குறிப்புகள் சொல்கின்றன. நாடு முழுவதும் கழிவைப் பற்றிப் பேசிய வருடம் அது என்பதால் தொடர்பு இல்லாமல் இருக்காது. ஆனால் லண்டன் ஏறக்குறைய 200 கிலோமீட்டர் தொலைவு. அவரது மூக்கருகே இருந்தது குருமனையின் சொந்த மலக்குழி. அது தனக்கும் பக்கத்து வீட்டாருக்கும் தொல்லை என்று கண்டு 1859 வாக்கில் அதை மூடிவிட்டார். வீட்டார் எல்லாரும் வாளியைப் பயன்படுத்த வேண்டியது என்று ஏற்பாடு. முதலில் வாளியில் சேர்ந்ததைத் தோட்டத்தில் ஏறக்குறைய ஓர் அடி ஆழத்துக்குப் பள்ளம் வெட்டிப் புதைத்தார். மூன்று நான்கு வாரம் கழித்துத் தோண்டினால் சுவடே இல்லை. அடுத்த கட்டமாக ஒரு கொட்டகை போட்டு, சலித்த உலர்ந்த மண்ணை அதில் குவித்து, தினமும் காலையில் வாளியில் உள்ளதை அந்த மண்ணோடு கலக்கச் சொன்னார். ஒரு பையனுக்குக் கால்மணி நேர வேலை; முடித்துப் பத்து நிமிடத்தில் கண்ணுக்கும் தெரியாது, மூக்குக்கும் தெரியாது என்று எழுதினார். அப்புறம் ஒரு படி மேலே போனார்: கலந்த மண்ணைக் காயவைத்து மீண்டும் பயன்படுத்தினால் அப்போதும் நாற்றத்தை அடக்குகிறது. ஒரே மண்ணை ஐந்து முறைவரை சுழற்றலாம் என்று கண்டார்.

சோதனையின் ஒழுங்கைக் கவனியுங்கள். முதலில் புதைத்தல், பிறகு கலத்தல், பிறகு அந்த மண்ணையே திரும்பப் பயன்படுத்தல். ஒவ்வொரு கட்டத்திலும் மண்ணின் ஆழமும் அளவும் குறைந்துகொண்டே வருகின்றன. கடைசிக் கட்டம், கழிப்பறைக்கு உள்ளேயே மண் விழும்படி செய்வது. 1860 மே 28 அன்று ஜேம்ஸ் பேனர் என்பவரோடு கூட்டாக 1316ஆம் எண் காப்புரிமையைப் பெற்றார். ஆகவே “மண் கழிப்பறையைக் கண்டுபிடித்தவர்” என்ற பட்டத்தைக் கொஞ்சம் தளர்த்திச் சொல்ல வேண்டும். மலத்தை மண்ணால் மூடுவது மனிதகுலம் முழுதும் அறிந்த வழக்கம். மோலே தினமும் வாசித்த வேதத்தில் உபாகமம் 23ஆம் அதிகாரம், கோலால் மண்ணைத் தோண்டி மூடிப்போடச் சொல்கிறது. 1838இலேயே தாமஸ் ஸ்வின்பர்ன் என்பவர் இங்கிலாந்தில் இந்த வகையில் ஒரு காப்புரிமை வாங்கியிருந்தார். மோலின் பங்கு, எவ்வளவு மண் போதும், எப்படிப்பட்ட மண் வேண்டும், எத்தனை முறை சுழற்றலாம் என்று அளந்து, அதை விற்கக்கூடிய ஒரு சாதனமாக்கியது.

சாதனம் எளியது. துளையிட்ட மர இருக்கை. கீழே வாளி. இருக்கைக்குப் பின்னால், முதுகுச் சாய்மானம் இருக்கவேண்டிய இடத்தில், மேலே அகன்று கீழே ஒடுங்கும் ஒரு மண்பெட்டி. அதன் வாயில் ஆடும் தகடு ஒன்று. பக்கத்துக் கைப்பிடியை இழுத்தால் ஒன்றரை பைண்ட், அதாவது ஏறக்குறைய 850 மில்லிலிட்டர் மண், முன்னோக்கி வீசப்பட்டு வாளியில் விழும். கைப்பிடியை இழுக்க மறப்பவர்களுக்காக இன்னொரு வகை: உட்காரும்போது பாரத்தால் இருக்கை சற்றுத் தாழும், எழுந்திருக்கும்போது மேலே வந்து தானாக மண்ணைத் தள்ளும். பள்ளிக்கூடங்களுக்கும் சிறைகளுக்கும் இந்த இரண்டாவது வகை பொருந்தும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

தவறுகள் எங்கே வரும் என்பதுதான் அனுபவத்தில் தெரியும் பகுதி. முதல் எதிரி ஈரம். மண் பார்வைக்குக் காய்ந்திருந்தால் போதாது. கையில் பிடித்து அமுக்கித் திறந்தால் கட்டியாக நிற்காமல் உதிர வேண்டும். ஈரமண் பெட்டியின் ஒடுங்கிய வாயில் அடைத்துக்கொள்ளும், விழுந்தாலும் பரவாது. இங்கிலாந்தின் மழையில் மண்ணை வெயிலில் காயவைக்க முடியாமல், அடுப்புச் சூட்டிலோ அதற்கென்று செய்த தட்டுகளிலோ உலர்த்தினார்கள். விறகோ கரியோ செலவு. இரண்டாவது, மண்ணின் வகை. களிமண்ணும் வண்டல் கலந்த தோட்டமண்ணும் நன்றாக வேலை செய்யும். மணல், சரளை, சுண்ணாம்பு மண் பயன் குறைவு. காரணம் மேற்பரப்பு: களித்துகள் மிக நுண்ணியது, அதனால் ஈரத்தையும் அம்மோனியாவையும் பிடித்துவைக்கும் பரப்பு அதிகம். ஆனால் அளவுக்கு மீறிப் பொடியானால் ஒவ்வொரு முறையும் தூசி எழும்பி அறை முழுக்கப் படியும். மூன்றாவது, கழுநீர். வீட்டில் யாராவது கழுவிய தண்ணீரை அந்த வாளியில் ஊற்றிவிட்டால் அன்றைக்கே கெட்டது. 850 மில்லிலிட்டர் மண் ஒரு ஆளின் கழிவுக்கு அளந்தது, குடத்துத் தண்ணீருக்கு அல்ல. சிறுநீர் மிகுந்தாலும் இதே கதி. நான்காவது, வீச்சின் குறி. தகட்டின் கோணம் சரியில்லாவிட்டால் மண் பின்புறமே குவிந்து, மூடவேண்டியதை மூடாது. வெளியே நின்று பார்ப்பவருக்கு “இந்த முறை சரிப்படாது” என்றுதான் தோன்றும். உண்மையில் சரிப்படாதது இரண்டு அங்குலத் தகடு.

ஏன் வேலை செய்கிறது? உலர்மண் ஈரத்தை உறிஞ்சி, நாற்றம் தரும் வாயுக்களைப் பிடித்து, காற்றுப் புகும் நிலையில் வைக்கிறது. காற்றோடு வாழும் மண் நுண்ணுயிர்கள் மீதியைச் சிதைக்கின்றன. மலக்குழியில் நாறுவது காற்றில்லாமல் அழுகுவதால். மோல் பார்த்தது உறிஞ்சும் குணத்தை மட்டும். அதைப் படைத்தவரின் ஏற்பாடு என்று நம்பினார். நைட்ரேட் உருவாவது உயிர்களின் வேலை என்று ஷ்லோசிங், மியூன்ட்ஸ் என்ற இரண்டு பிரெஞ்சுக்காரர்கள் காட்டியது 1877இல்தான், அதாவது அவரது காப்புரிமைக்கு 17 வருடம் பின்னால். முடிவு சரி, விளக்கம் பாதி. அந்தப் பாதி விளக்கத்தில் ஓர் ஆபத்தும் இருந்தது: நாற்றம் போனால் தீங்கும் போயிற்று என்று அவர் காலத்தவர் எடுத்துக்கொண்டார்கள். அப்படியில்லை. குடலில் வாழும் வட்டப்புழுவின் முட்டை மண்ணில் மாதக்கணக்கில், சாதகமான நிலையில் வருடக்கணக்கில்கூட உயிரோடு கிடக்கும். காய்ந்ததும் திரும்ப எடுத்து ஐந்து முறை சுழற்றும் அவரது முறையை இன்று யாரும் அப்படியே பின்பற்றக் கூடாது.

சாதனம் எடுபட்ட இடங்கள் நன்றாகவே பதிவாகியிருக்கின்றன. தனி வீடுகள், கிராமங்கள், படைமுகாம்கள், மருத்துவமனைகள், பிரிட்டிஷ் இந்தியா. லங்காஸ்டர் இலக்கணப் பள்ளி தண்ணீர்க் கழிப்பறையை விட்டு இதற்கு மாறியதற்குச் சொல்லப்பட்ட காரணம் கேட்டால் சிரிப்பு வரும்: பையன்கள் கோலிக்குண்டு, இலத்தீன் இலக்கணப் புத்தகத்தின் அட்டை என்று எதையாவது போட்டுக் குழாயை அடைத்துக்கொண்டே இருந்தார்கள். வாளியில் அடைக்க எதுவுமில்லை. 1868இல் விம்பிள்டனில் தன்னார்வப் படையினரின் முகாமில் 2000 பேருக்கு 148 மண் கழிப்பறைகள் வைத்தார்கள்; தொல்லையில்லாமல் நடந்தது என்று லான்செட் மருத்துவ இதழ் அவ்வருட ஆகஸ்டில் எழுதியது. கூர்ந்து பார்த்தால் இவை எல்லாம் ஒரு மேலாள் கண்காணிக்கும் இடங்கள். மண் சலித்து வைக்கவும், வாளி எடுக்கவும், கைப்பிடி இழுக்கவும் உத்தரவிட ஒருவர் இருக்கிறார். குருமனையும் அப்படிப்பட்ட இடம்தான்.

இந்தியாவைப் பற்றி ஒன்று சொல்லாமல் விட முடியாது. சிறைகளிலும் பாசறைகளிலும் உலர்மண் முறை இங்கே பரவியதற்குக் காலனி அதிகாரிகள் சொன்ன காரணங்களில் வெயிலும் மண்ணும் தாராளம் என்பது உண்மை. ஆனால் வாளியை யாரோ எடுக்க வேண்டும். இங்கிலாந்தில் அது கூலிக்கு வந்த பையனின் கால்மணி நேரம். இங்கே அது குறிப்பிட்ட சாதியினரின் தலையில் பரம்பரையாகச் சுமத்தப்பட்ட வேலை. எடுப்புக் கக்கூஸை நேரில் பார்த்த தலைமுறைக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. மனிதர் கையால் மலம் அள்ளுவதைத் தடுக்கும் சட்டங்கள் 1993இலும் 2013இலும்தான் வந்தன. மோல் இந்த அமைப்பை உருவாக்கவில்லை. ஆனால் வாளி முறை ஒவ்வொன்றும் அள்ளும் கையைப் பற்றிய கேள்வியைத் தன்னோடு கொண்டுதான் வருகிறது.

அப்படியானால் இங்கிலாந்தில் ஏன் மறைந்தது? தண்ணீர்க் கழிப்பறை நாகரிகம் வென்றது என்பார்கள். அது பாதிதான். கணக்கைப் போட்டுப் பாருங்கள். 10,000 பேர் உள்ள ஊரில் ஆளுக்கு நாளுக்கு ஒருமுறை என்று வைத்தாலும் 8,500 லிட்டர் உலர்மண் வேண்டும். எடை ஏறக்குறைய 10 டன். தினமும் அவ்வளவு மண்ணை வெட்டி, காயவைத்து, சலித்து, வண்டியில் உள்ளே கொண்டுவந்து, கனம் கூடிய நிலையில் வெளியே கொண்டுபோக வேண்டும். தண்ணீரோ தன்னையும் கழிவையும் தானே சுமந்து ஓடும். லண்டனில் பொறியாளர் பேசல்ஜெட்டின் பெருஞ்சாக்கடைகள் 1859இல் கட்டத் தொடங்கி, 1865இல் திறப்புவிழாவும் கண்டபின் நகராட்சிகளின் மனம் அந்தப் பக்கம் சாய்ந்துவிட்டது.

மோல் இந்தச் செலவை அறியாதவர் அல்ல. அவரிடம் ஒரு பதில் இருந்தது: எருவை விற்று ஈடுகட்டலாம். 1872இல் வெளியிட்ட சிறுநூலின் தலைப்பே நகரக் கழிவு உள்ளூர் வரிச்சுமைக்கு மருந்து என்ற பொருளில் இருக்கும். ஒரு விவசாயியின் வயலில் பாதிக்கு ஐந்து முறை சுழன்ற மண்ணையும், மறுபாதிக்கு அதே எடை சூப்பர் பாஸ்பேட்டையும் போட்டு, மண் போட்ட பக்கம் கிழங்கு மூன்றில் ஒரு பங்கு பெரிதாக விளைந்தது என்ற கதை அடிக்கடி மேற்கோள் காட்டப்படுகிறது. ஒரு வயல், ஒரு பருவம், ஒரு பயிர். அதை வைத்து நான் எதையும் நிறுவ மாட்டேன். வேளாண் வேதியியலாளர் அகஸ்டஸ் வோல்க்கர் போன்றவர்கள் இந்த மண்ணைப் பகுப்பாய்வு செய்தபோது, பலமுறை பயன்படுத்திய பிறகும் நல்ல தோட்டமண்ணைவிட அது பெரிதாகச் செழித்துவிடவில்லை என்று கண்டார்கள். யோசித்தால் காரணம் தெரியும். கொஞ்சம் சத்து, நிறைய மண். அதிலும் நைட்ரஜனில் ஒரு பகுதி காற்றோடு போய்விடுகிறது. சொந்தத் தோட்டத்தில் கொட்டிக்கொள்ள அருமையான எரு. பத்து மைல் வண்டி கட்டி ஏற்றிப்போய் விற்க லாபமில்லாத சரக்கு. குருமனைக் கணக்கு நகரத்துக்குப் போனதும் உடைந்த இடம் இதுதான்.

அவரது மற்றப் பணிகளைப் பற்றிச் சுருக்கமாக. 1860இல் காய்கறித் தோட்டம் பற்றி ஒரு சிறுநூல், 1862இல் உழைப்பாளர் பிள்ளைகளுக்காகத் தன் செலவைத் தானே பார்த்துக்கொள்ளும் பள்ளிகள் பற்றி ஒன்று. 1863இல் பழைய ஏற்பாட்டின் கணக்குகளைக் கேள்வி கேட்ட பேராயர் கொலென்சோவுக்கு எதிராகப் பகிரங்கக் கடிதங்கள். வாளியில் புதுமை செய்தவர் வேதத்தில் முழுப் பழமைவாதி என்பதில் முரண்பாடு தேட வேண்டாம். இரண்டிலும் அவருக்குத் தெரிந்தது ஒரே கடமைதான். பிள்ளைகளில் ஜார்ஜும் ஆர்தரும் மிஷனரிகளாகச் சீனா போனார்கள், ஜார்ஜ் அங்கே பேராயருமானார். ஹேண்ட்லி 1901இல் டர்ஹம் பேராயர் ஆனார். ஹோரஸ், பின்னால் நாவலாசிரியராகப் புகழ்பெற்ற தாமஸ் ஹார்டிக்கு இளம் வயதில் நண்பராகவும் வழிகாட்டியாகவும் இருந்து 1873இல் துயரமாக இறந்தார். மனைவி 1877இல் போனார். மோல் 1880 பிப்ரவரி 3 அன்று அதே குருமனையில் காலமானார்.

உங்கள் தோட்டத்து வீட்டு விஷயம். செய்யலாம், இரண்டு மாற்றங்களோடு. சிறுநீரைத் தனிக்குழாயில் பிரித்துவிடுங்கள். முசிறிப் பக்கம் அறிமுகமான ஈகோசான் கழிப்பறைகளில் செய்வதும் அதுதான். கால் கழுவும் தண்ணீருக்கும் தனித் துளை வேண்டும். நம் பழக்கத்துக்கு அது இல்லாமல் முதல் நாளே மண் சேறாகிவிடும். இரண்டாவது, மண்ணைச் சுழற்றாதீர்கள். நிறைந்த தொட்டியை மூடி வைத்து அடுத்த தொட்டிக்கு மாறுங்கள். உலக சுகாதார நிறுவனத்தின் 2006ஆம் வருட வழிகாட்டல்படி 20 முதல் 35 டிகிரி வெப்பத்தில் ஒரு வருடத்துக்கு மேல் சேமிக்க வேண்டும். சாம்பலோ சுண்ணாம்போ சேர்த்துக் காரத்தன்மை (pH) 9க்கு மேல் நின்றால் ஆறு மாதத்துக்கு மேல். அதற்குப் பிறகும் மரங்களுக்குப் போடுங்கள், கீரைப் பாத்திக்கு வேண்டாம். நிலத்தடி நீர் மேலே நிற்கும் இடமானால் தொட்டியைத் தரைக்கு மேலே கட்டுங்கள்.

மண் எவ்வளவு வேண்டும் என்று முன்பே கணக்கிட்டுக்கொள்ளுங்கள், பெரும்பாலோர் கோட்டை விடுவது இதில்தான். நான்கு பேர் வீட்டுக்கு நாளுக்கு 3.4 லிட்டர். அக்டோபர், நவம்பர், டிசம்பர் மூன்று மாத அடைமழைக்கு 313 லிட்டர் ஆகிறது. 200 லிட்டர் டிரம் இரண்டு, மூடியோடு. செம்மண்ணில் கால்பங்கு விறகுச் சாம்பல் கலந்து, கொசுவலை அடித்த சல்லடையில் சலித்து, ஆடி ஆவணி வெயிலிலேயே காயவைத்து நிரப்பிவிடுங்கள். ஐப்பசி பிறந்த பிறகு மண் காயப்போட இடம் தேடினால் மோல் வீட்டுப் பையனைப் போல அடுப்படியில்தான் உலர்த்த வேண்டிவரும்.